சின்னக் கல்யாணத்துக்கு வீடியோக்காரர்: எதற்குக் காசு கொடுக்கலாம், எதற்கு வேண்டாம்

மணமக்கள் இருவர், சாட்சிகள் இருவர், நடத்திவைக்கும் அதிகாரி ஒருவர். சிங்கப்பூரில் முஸ்லிம் அல்லாதவர்களின் கல்யாணம் சட்டப்படி செல்ல இந்த ஐந்து பேர் போதும். பெற்றோரும் நெருங்கியவர்களும் சேர்ந்தால் பத்து, பதினைந்து பேர். மண்டபம் எடுக்காமல், பத்திரிகை அடிக்காமல் இப்படி முடித்துக்கொள்ள நினைக்கும் ஜோடிகள் கடைசிவரை முடிவெடுக்காமல் வைத்திருக்கும் கேள்வி ஒன்று உண்டு. வீடியோ எடுக்க ஆள் வைக்கலாமா, இல்லை தம்பியின் கைப்பேசி போதுமா?

எங்கள் தீர்ப்பை முதலிலேயே சொல்லிவிடுகிறோம். ஆள் வைக்கலாம். ஒரே ஆள், இரண்டு அல்லது மூன்று மணி நேரம், ஒலிப்பதிவு நன்றாகத் தெரிந்தவர். அப்படி ஒருவர் கிடைக்காவிட்டால் அந்தப் பணத்தை நல்ல புகைப்படக்காரருக்குக் கொடுங்கள். ஐந்நூறு பேர் மண்டபக் கல்யாணத்துக்குப் போட்ட பேக்கேஜைக் கொஞ்சம் வெட்டிச் சுருக்கி 'சின்னக் கல்யாண ஸ்பெஷல்' என்று விற்பதை மட்டும் வாங்காதீர்கள்.

காரணம், ஆர்.ஓ.எம். (திருமணப் பதிவகம்) சடங்கில் கண்ணுக்குக் கிடைப்பது குறைவு. ஒரு மேசை, ஒரு பேனா, இரண்டு மோதிரம். எல்லாம் சேர்த்துப் பதினைந்து இருபது நிமிடம். அதில் சட்டம் கட்டாயமாகக் கேட்பது, அதிகாரிக்கும் சாட்சிகளுக்கும் முன்னால் ஒருவரை ஒருவர் கணவன் மனைவியாக ஏற்கிறோம் என்று இருவரும் வாய்விட்டுச் சொல்வது. அந்தக் குரல்தான் சடங்கே. அதற்குப் பிறகு அப்பா நாலு வார்த்தை பேசுவார், அம்மா ஆசீர்வாதம் பண்ணும்போது ஏதோ முணுமுணுப்பார். புகைப்படத்தில் முகம் வரும், குரல் வராது. வீடியோவுக்கு என்று தனியாகச் செலவு செய்ய ஒரே நியாயம் அதுதான். ஆகவே வீடியோக்காரரைக் கேமராவை வைத்து எடைபோடாமல் மைக்கை வைத்து எடைபோடுங்கள்.

ஒலி: இங்கேதான் பெரும்பாலான வீடியோ கெடுகிறது

கேமராவின் மேல் செருகிய மைக் மூன்று மீட்டர் தள்ளி நின்றால் குளிர்சாதனச் சத்தத்தையும் மின்விசிறியையும்தான் தெளிவாகப் பிடிக்கும். சட்டையில் குத்தும் சின்ன மைக் வேண்டும். அதை மாப்பிள்ளையின் ஜிப்பாவில், தாடைக்கு ஒரு சாண் கீழே குத்தினால் போதும். இருவரும் கைநீட்டும் தூரத்தில் எதிரெதிரே நிற்பதால் பெண்ணின் குரலும் அதிலேயே வரும். அதிகாரிக்கு இன்னொரு மைக், அல்லது அவர் முன்னால் மேசையில் ஒரு ஒலிப்பதிவுக் கருவி. பட்டுப்புடவையில் மைக் குத்துவது கடினம். அட்டிகையும் ஆரமும் உரசும் சத்தம் வேறு சேரும்.

நம்மவர் கல்யாணத்தில் மட்டும் வரும் சிக்கல் மாலை. மைக்கைச் சரியாகக் குத்திப் பரிசோதித்துவிட்டு, பிறகு மாலை மாற்றினால், ரோஜாவும் சம்பங்கியும் மைக்கின் மேல் தேய்ந்து அடுத்த பத்து நிமிடத்துக்கு 'கரகர'வென்ற சத்தம்தான் மிஞ்சும். மாலை விழும் கோட்டுக்கு மேலே, கழுத்துப்பட்டியின் உள்விளிம்பில் மைக் இருக்க வேண்டும். மாலை மாற்றியதும் வீடியோக்காரர் ஹெட்போனில் ஒருமுறை கேட்டுப் பார்க்க வேண்டும். மாப்பிள்ளை சட்டையில்லாமல் அங்கவஸ்திரம் மட்டும் போர்த்தும் வழக்கமென்றால் மருத்துவ டேப்பால் நெஞ்சில் ஒட்டி, அங்கவஸ்திரத்தை அதன்மேல் படாமல் ஒதுக்கிவிட வேண்டும். முதல் சந்திப்பிலேயே "மாலை போட்ட பிறகு மைக் எங்கே இருக்கும்?" என்று கேளுங்கள். உடனே பதில் சொல்பவர் தமிழ்க் கல்யாணம் எடுத்திருக்கிறார் என்று நம்பலாம்.

கோயிலில் தாலி கட்டும்போது கெட்டிமேளம். அதுவரை ஐயரின் மந்திரத்துக்கு ஏற்றபடி ஒலியளவை வைத்திருந்தால், தவில் எழுந்த நொடியில் பதிவு உடைந்து கிறீச்சிடும். பிறகு எந்த மென்பொருளாலும் அதை முழுதாகச் சரிசெய்ய முடியாது. இதற்கு இரண்டு வழி உண்டு. உரத்த ஒலியையும் உடையாமல் பதியும் '32 பிட் ஃப்ளோட்' முறைக் கருவி வைத்திருப்பது ஒன்று. அதே ஒலியை 10 அல்லது 12 டெசிபெல் குறைத்து இன்னொரு தடத்திலும் பதிவது மற்றொன்று. எது என்றாலும் சரி, இரண்டில் ஒன்று கட்டாயம். கம்பியில்லா மைக்குகளில் பல, வைஃபை ஓடும் அதே 2.4 கிகாஹெர்ட்ஸ் அலைவரிசையில் ஓடுகின்றன. அடுக்குமாடிகளிலும் ஹோட்டல் அறைகளிலும் நடுநடுவே அறுந்துபோகும். உடம்பில் குத்திய கருவியே தன்னுள் பதிந்துகொள்ளும் வகையாக இருந்தால் அந்தக் கவலை இல்லை.

சுற்றுப்புறமும் கணக்கில் வர வேண்டும். விடியற்காலை என்றால் குயில், விடாமல் கூவும். ஃபோர்ட் கேனிங் பூங்காவில் சில்வண்டு. சாங்கி, ஈஸ்ட் கோஸ்ட் பக்கம் பயணிகள் விமானம். ஹவ்காங், சிராங்கூன் பக்கம் வார நாள்களில் பாய லேபார் தளத்துப் போர் விமானம். வீடமைப்பு வளர்ச்சிக் கழக (வீவக) வீட்டிலேயே நடத்துவதாக இருந்தால் சனி, ஞாயிறு நல்லது. சுவர் இடிப்பது, துளையிடுவது போன்ற சத்தமான புதுப்பிப்பு வேலைகளுக்கு வார இறுதியில் வீவக அனுமதி கிடையாது.

மாதிரியைப் பார்க்கும் முறை

எல்லோரும் காட்டுவது ஒரு நிமிட ஹைலைட்ஸ். பாட்டு ஓடும், மெதுவாக ஒரு சிரிப்பு வரும், தாலி வரும், முடிந்துவிடும். அதைப் பார்த்து முடிவெடுக்காதீர்கள். பாட்டுக்கு அடியில் எந்தக் குறையும் மறைந்துவிடும். முன்பு எடுத்த ஒரு சடங்கின் வெட்டாத பதிவை, பாட்டில்லாமல், ஐந்து நிமிடம் ஹெட்போனில் கேட்கத் தரும்படி சொல்லுங்கள். அந்த ஜோடியின் சம்மதம் வேண்டும் என்று தயங்கினால் அது நியாயமான தயக்கம். சம்மதித்த ஒருவரின் பதிவையாவது தேடித் தரச் சொல்லலாம். அப்படி ஒன்றுகூட இல்லை என்பவர் இந்த வேலைக்கு ஆகமாட்டார்.

இரண்டாவதாகத் தோல் நிறம். ஆயத்த வண்ண வடிகட்டிகளைப் போட்டு முகத்தை வெளுக்க வைக்கும் பழக்கம் இங்கே நிறைய இருக்கிறது. கறுத்த முகம் சாம்பல் பூத்தோ ஆரஞ்சாகவோ வந்திருந்தால் விட்டுவிடுங்கள். வெள்ளை வேட்டியின் மடிப்புத் தெரிய வேண்டும், அதே சட்டகத்தில் மாமாவின் கறுத்த முகத்தில் கண்ணும் தெரிய வேண்டும். ஒளியளவைத் தானியங்கியில் விட்டால் வேட்டி அதிகமாகத் தெரியும்போது முகம் இருண்டுவிடும். அரக்குச் சிவப்புப் பட்டு சிவப்புக் குழம்பாகத் தெரிந்தால், ஜரிகையில் அலையலையாகக் கோடு ஓடினால், எடுத்தவர் கவனிக்கவில்லை என்று பொருள். உங்கள் நிறத்தை ஒத்தவர்கள் இருக்கும் மாதிரியாகவே கேட்டு வாங்கிப் பாருங்கள். இதைக் கேட்கக் கூச்சப்பட வேண்டியதில்லை. ஆயுளுக்கும் பார்க்கப்போகிற முகம் உங்களுடையது.

மூன்றாவதாக, விளக்கு மினுக்கல். சிங்கப்பூர் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ். நொடிக்கு 25 அல்லது 50 சட்டகம், 1/50 அல்லது 1/100 ஷட்டர் என்று வைத்தால் பெரும்பாலான விளக்குகளில் பட்டை ஓடாது. 24 அல்லது 30 சட்டகத்தில், ஷட்டரையும் அதற்கேற்ப மாற்றி எடுப்பவரின் மாதிரியில் சுவரில் மெல்லிய பட்டைகள் நகர்வதைப் பார்க்கலாம்.

சந்தையில் கிடைப்பவை

பெரிய ஸ்டூடியோவின் பேக்கேஜ். இரண்டு மூன்று பேர், கேமரா ஆடாமல் தாங்கும் ஜிம்பல், எல்இடி விளக்கு, டிரோன், அன்றைக்கே திரையிடும் தொகுப்பு. பதினைந்து பேர் கூடும் வரவேற்பறையில் மூன்று பேர் கேமராவோடு நின்றால் கூட்டத்தில் ஆறில் ஒருவர் அந்நியர். தாத்தா பேச வந்த வார்த்தையை விழுங்கிவிடுவார். டிரோனுக்கு இங்கே இடமே இல்லை. 250 கிராமுக்கு மேலென்றால் பதிவு வேண்டும், விமான நிலையம், ஆகாயப்படைத் தளத்துக்கு 5 கிலோமீட்டருக்குள் அல்லது 200 அடிக்கு மேல் பறக்க அனுமதி வேண்டும், தொழிலுக்காகப் பறப்பதற்குத் தனி விதிகள். அதையெல்லாம் வாங்கி வந்தாலும் உங்கள் கல்யாணத்தில் மேலிருந்து பார்க்க என்ன இருக்கிறது? பட்டியலிலிருந்து எடுக்கச் சொல்லி விலையைக் குறையுங்கள். விலை குறையாது என்றால் அது உங்களுக்கான பேக்கேஜ் அல்ல.

தனியாக வேலை செய்பவர். ஒரு கேமரா கையில், இன்னொன்று முக்காலியில், இரண்டு மைக், சின்னப் பை. எங்கள் பரிந்துரை இதுவே. ஆபத்தும் இதில்தான்: அவருக்குக் காய்ச்சல் வந்தால் மாற்று ஆள் யார்? பெயரும் அவர் எடுத்த மாதிரியும் ஒப்பந்தத்தில் இருக்க வேண்டும். கேமராவில் இரண்டு கார்டு இடங்கள் இருந்து, இரண்டிலும் ஒரே நேரத்தில் பதிகிறதா என்று கேளுங்கள். நொடிக்கு 100 மெகாபிட் வேகத்தில் 4கே பதிவு மணிக்குச் சுமார் 45 ஜிபி பிடிக்கும். இரண்டு கேமரா, மூன்று மணி நேரம் என்றால் 270 ஜிபி. இந்தக் கணக்கைக் கேட்டதும் கார்டின் அளவைச் சொல்லத் தெரிந்தவர் நம்பத்தக்கவர்.

படமும் வீடியோவும் நானே எடுக்கிறேன் என்பவர். தாலி முடிச்சு விழுவது சில நொடி. அப்போது அவர் கையில் இருப்பது ஒன்றுதான். முக்காலியில் ஆளில்லாமல் ஓடும் வீடியோ, யாராவது குறுக்கே நின்றால் முதுகைத்தான் எடுக்கும். புகைப்படம்தான் முக்கியம், வீடியோ ஒரு பதிவாக இருந்தால் போதும் என்பவர்களுக்குச் சரி. "அந்த நொடியில் எதை விடுவீர்கள்?" என்று நேராகக் கேட்டுவிடுங்கள்.

கைப்பேசியில் எடுத்து அன்றிரவே அனுப்பும் சேவையும் இப்போது உண்டு. குடும்ப வாட்ஸ்அப் குழுவுக்கு நன்றாக இருக்கும். செங்குத்துப் படம், பெரும்பாலும் தனி மைக் கிடையாது. வீடியோவுக்கு மாற்றாக அதை வாங்க வேண்டாம்.

தமிழ்நாட்டிலிருந்தோ ஜொகூரிலிருந்தோ தெரிந்தவரை அழைத்துவரும் எண்ணம் இருந்தால், கூலிக்கு வேலை செய்ய வருகையாளர் அனுமதி போதாது என்பதை மனதில் வைத்து, மனிதவள அமைச்சின் விதிகளைப் பார்த்த பிறகு பேசுங்கள்.

இடம், நேரம், நாள்

கோயிலில் தாலி கட்டினால் மட்டும் சட்டப்படி செல்லாது; சிங்கப்பூரின் திருமணச் சட்டமான 1961ஆம் ஆண்டின் மாதர் சாசனப்படி திருமணம் நடத்திவைக்கப்பட வேண்டும். அதனால் பலர் பதிவை ஒரு நாளும் தாலியை ஒரு நாளும் வைக்கிறார்கள், அல்லது இரண்டையும் ஒரே காலையில் முடிக்கிறார்கள். ஒரே நாளில் என்றால் ஒரே ஆளை இரண்டுக்கும் வைக்கலாம். இரண்டு நாள் என்றால், எங்கே நீங்கள் சொந்த வார்த்தையில் பேசப்போகிறீர்களோ அங்கே ஆளை வையுங்கள்.

குறைந்தது 21 நாளுக்கு முன் அறிவிப்புக் கொடுத்து, அறிவிப்புக் கொடுத்த நாளிலிருந்து மூன்று மாதத்துக்குள் திருமணம் நடந்தாக வேண்டும். மழையால் தேதி மாற்றுவதென்றாலும் அந்தக் காலத்துக்குள்தான் ஆட வேண்டும். ஒப்பந்தத்தில் 'தேதி மாற்றம் ஒருமுறை இலவசம்' என்று இருந்தால் எத்தனை நாள் முன்னறிவிப்பு, எந்த நாள்களுக்கு மாற்றலாம் என்பதையும் எழுதச் சொல்லுங்கள். டிசம்பர், ஜனவரியில் வெளியிடம் பிடித்தால் கூரையுள்ள மாற்று இடம் வேண்டும். ஜூன் முதல் செப்டம்பர் வரை விடியற்காலைச் சூறைமழை வரும். காலை ஏழு மணிக் கடற்கரைத் திட்டம் அதில் அடிபடும்.

முகூர்த்த ஞாயிறுகளில் நல்ல தமிழ் வீடியோக்காரர்கள் முழுநாள் கல்யாணங்களுக்குப் போய்விடுவார்கள். இரண்டு மணி நேர வேலையை ஏற்கமாட்டார்கள், ஏற்றால் குறைந்தபட்ச நேரம் என்று ஆறு எட்டு மணி நேரத்துக்குக் காசு கேட்பார்கள். வார நாள் மாலை என்றாலோ, ஆடி மார்கழியில் பதிவை மட்டும் வைத்துக்கொள்பவர்கள் என்றாலோ அதே ஆள் நிதானமாகவும் மலிவாகவும் கிடைப்பார். சூரியன் ஆண்டு முழுவதும் ஏறத்தாழ ஏழு மணிக்கு இறங்குகிறது. ஐந்தரைக்குச் சடங்கு, ஆறே காலிலிருந்து வெளியே இருவரை மட்டும் வைத்து எடுப்பது என்று அமைத்தால் விளக்கே வேண்டாம். இருட்டு சீக்கிரம் கவியும். ஏழரைக்கு மேல் வெளிச்சத்தை நம்ப முடியாது.

வீட்டுக்குள் சன்னலுக்கு முதுகு காட்டி நிற்காதீர்கள். மேசையைத் திருப்பி, சன்னல் வெளிச்சம் பக்கவாட்டில் விழும்படி வையுங்கள். கூரையில் பதித்த விளக்குகள் கண்ணுக்குக் கீழே நிழல் விழச்செய்யும்; பகலென்றால் அணைத்துவிடலாம். குளிரூட்டிய அறையிலிருந்து நேராக வெளியே போனால் லென்ஸில் ஈரம் படியும், தெளிய கால் மணியிலிருந்து அரை மணி ஆகும். இரண்டாவது கேமராவைப் பையோடு முன்பே வெளியே வைத்துவிடுவது விவரம் தெரிந்தவரின் வழக்கம். ஹோமப் புகையில் தானியங்கிக் குவியம் அலையும். தாலி நேரத்தில் அதைக் கையால் பூட்ட வேண்டும்.

கோயில் என்றால் அலுவலகத்தில் முன்பே கேளுங்கள்: எங்கே நிற்கலாம், விளக்குத் தாங்கி வைக்கலாமா, கருவறைப் பக்கம் கேமராவைத் திருப்பலாமா. சிராங்கூன் சாலையானாலும் டேங்க் ரோடானாலும் முகூர்த்த நாளில் அடுத்தடுத்துக் கல்யாணம் இருக்கும், நேரம் நீளாது. தேசியப் பூங்காக் கழகத்தின் பூங்காக்களிலும், நுழைவுக்கட்டணம் உள்ள தோட்டங்களிலும் காசு வாங்கி எடுக்கும் படப்பிடிப்புக்கு அனுமதி வேண்டுமா என்று விசாரிப்பது யார் பொறுப்பு என்பதையும் ஒப்பந்தத்தில் எழுதுங்கள்.

தொகுப்பு, உரிமை, ஒப்பந்தம்

எடுத்தவர் தமிழராக இருந்தாலும் தொகுப்பவர் தமிழ் தெரியாதவராக இருக்கலாம். அப்போதுதான் அப்பாவின் வாக்கியம் வினைச்சொல் வருமுன் அறுபடும், மந்திரம் பாதியில் நிற்கும், கெட்டிமேளம் தாலிக்கு முன்பே அடிக்கும். யார் தொகுக்கிறார் என்று கேளுங்கள். தமிழ் தெரியாதவர் என்றால் பதிவு கிடைத்ததும் பேச்சுகளை நிமிடம், நொடியோடு எழுதி, எந்த வரி கட்டாயம், எங்கே வெட்டலாம் என்று ஒரு பக்கத்தில் கொடுத்துவிடுங்கள். ஒரு மணி நேர வேலை, படத்தைக் காப்பாற்றிவிடும்.

கேட்டு வாங்க வேண்டியவை மூன்று: நாலைந்து நிமிடத் தொகுப்பு, சடங்கு முழுவதும் பாட்டில்லாமல் ஒரே ஓட்டமாக, மைக்கின் ஒலி மட்டும் தனிக் கோப்பாக. இரண்டாவதும் மூன்றாவதும் அவருக்கு அதிக வேலையில்லை, ஆனால் கேட்காவிட்டால் கிடைக்காது. பத்து வருடம் கழித்து நீங்கள் தேடப்போவது அவற்றைத்தான் என்பது எங்கள் உறுதியான எண்ணம். சினிமாப் பாட்டை அடியில் போட்டால் யூடியூப், இன்ஸ்டகிராமில் ஏற்றும்போது ஒலி அடைக்கப்படலாம். குரலும் அதோடு போய்விடும். உரிமம் பெற்ற இசையைப் போடச் சொல்லுங்கள்.

உரிமை விஷயம் பலருக்குத் தெரியாதது. 2021 நவம்பர் 21 முதல் நடப்பில் உள்ள பதிப்புரிமைச் சட்டப்படி, காசு கொடுத்து எடுக்கச் சொன்ன வீடியோவாக இருந்தாலும் ஒப்பந்தம் வேறு மாதிரி சொல்லாதவரை உரிமை எடுத்தவருக்கே. அதற்கு முன்பு எடுக்கச் சொன்னவருக்கு இருந்தது. ஊருக்குச் சொல்லாமல் செய்யும் கல்யாணம் என்றால் இது சின்ன விஷயமல்ல. 'குடும்பத் தேவைக்கு மட்டும். எழுத்துப்பூர்வ சம்மதமில்லாமல் எந்தத் தளத்திலும் விளம்பரத்திலும் வெளியிடக்கூடாது' என்ற வரி இருக்க வேண்டும். வெளியிட அனுமதித்தால் தள்ளுபடி தருபவர்களும் உண்டு. சொந்தக்காரர் எவருக்கும் இன்னும் சொல்லவில்லை என்றால் அந்தத் தள்ளுபடி வேண்டாம்.

முன்பணம் எவ்வளவு, மீதி எப்போது, எத்தனை வாரத்தில் தருவார், எத்தனை முறை திருத்தம், மூலக் கோப்பை எத்தனை மாதம் வைத்திருப்பார், கூடுதல் நேரத்துக்கு மணிக்கு எவ்வளவு, விலையில் 9% ஜிஎஸ்டி அடங்குமா. இவ்வளவும் ஒரு பக்கத்தில் அடங்கும். மீதிப் பணத்தில் ஒரு பங்கைக் கோப்புகள் கைக்கு வந்த பிறகு கொடுப்பதாக வைத்துக்கொள்ளுங்கள். வராமல் போனால் சிறு கோரிக்கைகள் நடுவர் மன்றம் 20,000 வெள்ளி வரையிலான வழக்குகளை எடுத்துக்கொள்ளும். அங்கே கைகொடுப்பது எழுத்தில் இருப்பதுதான்.

ஆள் வேண்டாம் என்று முடிவெடுத்தால்

சாட்சிகளைத் தவிர யாரும் இல்லை, பேச்சு எதுவும் இல்லை, கையெழுத்துப் போட்டுவிட்டுச் சாப்பிடப் போகிறோம் என்றால் ஆள் வேண்டாம். கைப்பேசியே நன்றாகச் செய்யும், கொஞ்சம் ஏற்பாடு இருந்தால். முக்காலி ஒன்று, கைப்பேசியில் நேரடியாகச் செருகும் கம்பியில்லாச் சட்டை மைக் ஒன்று. ஐஃபோன் என்றால் கேமரா அமைப்புகளில் 'PAL' வடிவங்களைக் காட்டச் சொல்லி, 4கே, 25 சட்டகம் என்று வையுங்கள். 4கே 30 சட்டகத்துக்கே நிமிடத்துக்கு 170 எம்பி அளவுதான். இருபது நிமிடத்துக்கு 4 ஜிபிக்குள் அடங்கிவிடும். முகத்தின் மேல் விரலை அழுத்திப் பிடித்துக் குவியத்தையும் ஒளியையும் பூட்டுங்கள். விமானப் பயண முறையில் போடுங்கள், இல்லாவிட்டால் யாராவது அழைத்துப் பதிவு நின்றுவிடும். மாமல்லபுரத்திலோ மதுரையிலோ இருக்கும் பாட்டிக்கு நேரலை காட்ட இன்னொரு கைப்பேசி வேண்டும். பதிவும் நேரலையும் ஒரே கருவியில் வேண்டாம். அவர்களுக்கு இரண்டரை மணி நேரம் பின்னால் ஓடும் கடிகாரத்தையும் நினைத்து நேரம் வையுங்கள்.

ஆள் வைத்திருந்தாலும் வைக்காவிட்டாலும், கோப்புகள் வந்த அன்றே சடங்கின் முழுப் பதிவை ஆரம்பத்திலிருந்து கடைசிவரை ஒருமுறை ஓடவிட்டுக் கேளுங்கள். பதிவு நடுவில் அறுந்திருக்கிறதா, பெண் சொன்ன வாக்கு தெளிவாக இருக்கிறதா என்று பாருங்கள். குறை இருந்தால் மூலக் கோப்பு இன்னும் அவரிடம் இருக்கும்போதே கேட்க வேண்டும். பிறகு இரண்டு வன்தட்டுகளில் படியெடுத்து, ஒன்றை அம்மா வீட்டில் வையுங்கள். மேகச் சேமிப்பில் இன்னொரு படி. இணையவழிப் பதிவிறக்கச் சுட்டிகள் சில வாரங்களில் காலாவதியாகும்.